மூன்றாம் ஊர்க்காரர்



கரும்பு ஏற்றிய டிராக்டர்கள் மூங்கில்துறைப்பட்டு ஆலையை நோக்கி வரிசை கட்டிப் போகிற நாட்கள் இவை. ஏரிகளில் தண்ணீர் உள்வாங்கிவிட்டது. காய்ந்த இடத்திலெல்லாம் பிள்ளைகள் மட்டையோடு இறங்கிவிட்டார்கள். சங்கராபுரத்தைச் சுற்றி எந்தப் பக்கம் போனாலும் ஞாயிற்றுக்கிழமை காலையில் மைக் செட் சத்தம் கேட்கிறது. தேவபாண்டலத்துப் பையன்கள் பூட்டைக்குப் போகிறார்கள். வெள்ளிமலையிலிருந்து முதல் பஸ்ஸைப் பிடித்து ஒரு அணி கீழே இறங்கி வருகிறது. மலையில் பந்து உருளாத அளவுக்குச் சமமான இடம் கிடைப்பதே அரிது. அதனால்தானோ என்னவோ, அந்தப் பையன்கள் சரிவில் ஓடிப் பழகிய கால்களோடு வந்து சமவெளியில் எல்லையைக் காப்பது தனி அழகாக இருக்கும்.

நம் அலுவலகத்துக்கும் போட்டி நோட்டீஸ்கள் வரும். விளம்பரமாகப் போடச் சொல்லிக் கொடுப்பார்கள். அவற்றைப் பிழை திருத்துவது என் வேலைகளில் ஒன்று. முதல் பரிசு வழங்குபவர், இரண்டாம் பரிசு வழங்குபவர், கோப்பை உபயம், சிறந்த பந்துவீச்சாளருக்கு ஷூ உபயம், மதிய உணவு உபயம், ஒலி ஒளி அமைப்பு, பந்தல் என்று ஒருவர் பெயரும் விடுபடாது. விடுபட்டால் சண்டை வரும். இத்தனை பெயர்களுக்கு நடுவே அம்பயர் பெயரை மட்டும் நான் பார்த்ததே இல்லை. யாரும் அதைக் கேட்டதும் இல்லை.

நம் ஊர் ஆட்டத்தில் அம்பயர் எப்படி வருகிறார் என்பது உங்களுக்கே தெரியும். பேட்டிங் டீமில் முதலில் அவுட் ஆனவன் போய் நிற்பான். மனசெல்லாம் தன் விக்கெட் போன வருத்தத்தில் இருக்கும். எதிர் முனையில் நிற்பவன் சொந்த அண்ணன் மகன். ரன் அவுட்டுக்குக் கை தூக்கினால் வீட்டில் சோறு கிடைக்காது. தூக்காவிட்டால் எதிரணி சட்டையைப் பிடிக்கும். இந்த இக்கட்டிலிருந்து தப்பிக்க நம் பிள்ளைகள் ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருக்கிறார்கள். டாஸ் போடும்போதே 'எல்.பி. கிடையாது' என்று பேசி முடித்துவிடுவார்கள். காலில் பட்டால் அவுட் இல்லை, அவ்வளவுதான்.

இதை நான் பல காலமாக யோசித்திருக்கிறேன். டென்னிஸ் பந்து அதிகமாக எழும்பும், அதனால் எல்.பி. வேண்டாம் என்று காரணம் சொல்வார்கள். அது பாதி உண்மை. காலில் பட்ட பந்து ஸ்டம்பை நோக்கிப் போயிருக்குமா என்று ஒரு மனிதர் சொல்ல வேண்டும். அதை இருபத்திரண்டு பேரும் நம்ப வேண்டும். அப்படி நம்பத்தக்க ஒருவரை நிறுத்த நம்மால் முடியவில்லை என்பதுதான் மீதிப் பாதி. கிரிக்கெட் சட்டங்களிலேயே மிக நுட்பமான ஒன்றை, ஆள் இல்லாத காரணத்தால் நாம் கைவிட்டிருக்கிறோம். ஆகவே இந்த மாதம் இந்தப் பக்கத்தை, விளையாட்டையே பிழைப்பாகக் கொண்டு வாழ்ந்து, பிறகு வெள்ளைக் கோட்டு போட்டுக்கொண்டு நடுவராக நின்ற சிலருக்கு ஒதுக்குகிறேன்.

ஆரம்பகாலத்தில் இங்கிலாந்தில் கூலிக்கு ஆடியவர்களின் வாழ்க்கை சுகமானதல்ல. அங்கே ஆட்டக்காரர்களில் இரண்டு சாதி இருந்தது. பணம் வாங்காமல் பெருமைக்காக ஆடும் கனவான்கள் ஒரு பக்கம். சம்பளத்துக்கு ஆடும் தொழில்முறைக்காரர்கள் மறு பக்கம். உடை மாற்றும் அறை வேறு, மைதானத்துக்குள் இறங்கும் வாசல் வேறு. ஸ்கோர் அட்டையில் கனவானுக்கு முன்னெழுத்து பெயருக்கு முன்னால் வரும். கூலிக்காரருக்குப் பின்னால் போகும். வெயிலில் அதிகம் உழைத்துப் பந்து வீசியவர்கள் பெரும்பாலும் இந்தக் கூலிக்காரர்கள்தான். ஆனால் கேப்டன் பதவி பெரும்பாலும் கனவானுக்கே. 1962-ஆம் ஆண்டு சீசனோடுதான் இந்தப் பாகுபாட்டை எடுத்தார்கள். தனித்தனி வாசல், தனித்தனிப் பந்தி என்றால் என்னவென்று நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

அந்தக் கூலிக்காரர்களுக்கு நாற்பது வயதில் உடம்பு ஒத்துழைக்காமல் போகும். கையில் வேறு தொழில் இருக்காது. சிலர் பள்ளிக்கூடங்களில் பயிற்சியாளராகப் போனார்கள், சிலர் சிறு கடை வைத்தார்கள், சிலர் அம்பயர் ஆனார்கள். உலகின் சிறந்த நடுவர்களில் பலர் இந்த வழியில் வந்தவர்களே.

அவர்களில் ஃபிராங்க் செஸ்டரின் கதையைச் சொல்லாமல் இருக்க என்னால் முடியாது. 1895-ல் பிறந்தவர். 1913-ல் வூஸ்டர்ஷயர் அணிக்காக ஆடும்போது வயது பதினெட்டு. போன வருடம் பன்னிரண்டாவது முடித்த நம் வீட்டுப் பையனின் வயது. அந்த ஒரே சீசனில் மூன்று சதம் அடித்தார். அடுத்த ஆண்டு எஸ்ஸெக்ஸ் அணிக்கு எதிராக ஆட்டமிழக்காமல் 178. இங்கிலாந்து அணியில் இடம் நிச்சயம் என்று எல்லோரும் பேசிக்கொண்டிருந்த நேரத்தில் முதல் உலகப் போர் வந்தது. சலோனிக்கா முனையில் அடிபட்டார். வலது கையை முழங்கைக்குக் கீழே வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. இருபத்திரண்டு வயதுக்குள் ஆட்டக்காரர் என்ற வாழ்க்கை முடிந்துவிட்டது.

1922-ல் அவர் அம்பயராக மைதானத்துக்குத் திரும்பினார். அதற்கு முன் அம்பயர் என்றாலே வயதானவர், பார்வை மங்கியவர் என்ற எண்ணம் இருந்தது. இந்த இளைஞர் வந்து, ஸ்டம்புக்குப் பின்னால் நன்றாகக் குனிந்து, பந்தை மட்டையின் உயரத்திலிருந்தே பார்க்கத் தொடங்கினார். 1924-லிருந்து 1955 வரை 48 டெஸ்ட் ஆட்டங்கள். வெகு காலத்துக்கு அதுவே உலகச் சாதனை. தான் ஆடிய காலத்தில் கண்ட நடுவர்களிலேயே இவர்தான் மேலானவர் என்று டான் பிராட்மன் எழுதியிருக்கிறார். தன் தாயின் தோட்டத்தில் பொறுக்கிய ஆறு கூழாங்கற்களை வைத்துத்தான் செஸ்டர் ஓவரின் பந்துகளை எண்ணினார் என்பார்கள். கோடிக்கணக்கானவர்கள் பேசிய ஆட்டங்களில், பந்துக்கு ஒரு கல்லாக அந்த ஆறு கற்கள்தான் கணக்கு வைத்தன.

நம் பகுதியில் ஓய்வுபெற்ற பி.டி. வாத்தியார் ஒருவர் இப்படி எண்ணுவதைப் பார்த்திருக்கிறேன். அவர் கையில் புளியங்கொட்டை. இடது பையில் ஆறு வைத்துக்கொண்டு, பந்துக்கு ஒன்றாக வலது பைக்கு மாற்றுவார். வைட் போட்டால் கொட்டை நகராது. ஸ்கோர் எழுதும் பையன் 'சார், இன்னும் ஒரு பால் இருக்கு' என்று கத்தினால், பையிலிருந்து கையை எடுத்து விரித்துக் காட்டுவார். அந்தக் கையில் இருப்பதை யாரும் எதிர்த்துப் பேசியதில்லை. செஸ்டர் என்ற பெயரை அவர் கேள்விப்பட்டிருப்பாரா என்று தெரியாது. நான் இதுவரை கேட்டதில்லை.

இந்தியாவுக்கும் இந்தக் கூலி ஆட்டக்காரர்கள் வந்தார்கள். ஃபிராங்க் டாரன்ட் என்ற ஆஸ்திரேலியர் மெல்போர்னில் 1880-ல் பிறந்தவர். பிழைப்புத் தேடி லண்டன் லார்ட்ஸ் மைதானத்தின் ஊழியராகச் சேர்ந்து, மிடில்செக்ஸ் அணியின் முதுகெலும்பாக ஆடினார். முதல்தர ஆட்டங்களில் 17,000-க்கும் மேல் ரன், 1,500-க்கும் மேல் விக்கெட். ஆனாலும் ஆஸ்திரேலியாவுக்கும் இங்கிலாந்துக்கும் நடுவே இருந்ததால் ஒரு டெஸ்ட் கூட ஆடக் கிடைக்கவில்லை. நம் நாட்டு மகாராஜாக்கள் சம்பளம் கொடுத்து அழைத்தார்கள். 1918-ல் புனேயில் கூச் பிகார் மகாராஜா அணிக்காக ஆடி, ஒரே ஆட்டத்தில் ஆட்டமிழக்காமல் 182 ரன்னும், ஒரே இன்னிங்ஸில் பத்து விக்கெட்டும் எடுத்தார். டெஸ்ட் மைதானத்துக்குள் அவர் ஒருவழியாகக் காலடி வைத்தது 1933 டிசம்பரில், பம்பாயில், இந்திய மண்ணில் நடந்த முதல் டெஸ்டில், அதுவும் அம்பயராக. லாலா அமர்நாத் இந்தியாவின் முதல் டெஸ்ட் சதத்தை அடித்தபோது பக்கத்தில் நின்று பார்த்தவர் அவர். கல்கத்தாவிலும் நின்றார். மூன்றாவது டெஸ்டுக்கு அவர் வேண்டாம் என்று இங்கிலாந்து கேப்டன் டக்ளஸ் ஜார்டின் ஆட்சேபித்தார். 1934 பிப்ரவரியில் சென்னை சேப்பாக்கத்தில் முதல் டெஸ்ட் நடந்தபோது டாரன்ட் களத்தில் இல்லை. அவரோடு முதல் இரண்டு ஆட்டங்களிலும் நின்ற பில் ஹிட்ச் மட்டும் வந்தார். ஹிட்சும் சர்ரே அணியில் கூலிக்கு வேகப்பந்து வீசிய பழைய தொழில்முறைக்காரர்தான்.

அம்பயர் யார் பக்கம் என்ற சந்தேகம் நம் ஏரிக்கரையில் மட்டும் இருப்பதல்ல என்பதற்காகவே இதைச் சொல்கிறேன். நூறாண்டுக்கும் மேலாக உலகெங்கும் உள்ளூர் அம்பயர், உள்ளூர் அணி, வெளியூர்க்காரரின் கோபம் என்று ஒரே கதைதான் திரும்பத் திரும்ப நடந்தது. அதற்கு ஒரு முடிவு கட்டத் தொடங்கியது 1986 நவம்பரில். லாகூரில் பாகிஸ்தானும் மேற்கிந்தியத் தீவுகளும் மோதின. இரண்டு நாட்டுக்காரரும் வேண்டாம், மூன்றாவது நாட்டுக்காரர் நிற்கட்டும் என்று முடிவானது. இந்தியாவிலிருந்து வி.கே. ராமசாமியும் பீலூ ரிப்போர்ட்டரும் போய் நின்றார்கள். நம் நாட்டோடு அத்தனை முறை போட்டியிட்ட அணியின் சொந்த மண்ணில், அவர்கள் கேட்டு வாங்கிய நியாயத்தை நம்மவர் இருவர் வழங்கினார்கள். இந்திய கிரிக்கெட்டின் பெருமைகளைப் பட்டியல் போடுகிறவர்கள் 1983-ஐச் சொல்வார்கள், 2011-ஐச் சொல்வார்கள். எனக்கு லாகூரும் அந்த வரிசையில்தான்.

இனி நம் வீட்டுக்காரருக்கு வருகிறேன். சீனிவாசராகவன் வெங்கட்ராகவன். 1945 ஏப்ரல் 21, சென்னை. கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்தவர். 1965 பிப்ரவரி கடைசியில் சென்னை கார்ப்பரேஷன் ஸ்டேடியத்தில் நியூசிலாந்துக்கு எதிராக முதல் டெஸ்ட் ஆடினார். மூன்று வாரம் கழித்து, டெல்லியில், இருபது வயது நிறைவதற்கு முன்பே, முதல் இன்னிங்ஸில் 72 ரன்னுக்கு 8 விக்கெட், இரண்டாவதில் 80 ரன்னுக்கு 4. தொடரையே வென்று கொடுத்த பந்துவீச்சு.

ஆஃப் ஸ்பின் வீசுகிறவருக்கு எல்.பி. எத்தனை முக்கியம் என்பதை இங்கே சொல்ல வேண்டும். வலது கை பேட்ஸ்மேனுக்கு வெளியிலிருந்து உள்ளே திரும்பி வரும் பந்து அது. பேடில் பட்டால் பந்துவீச்சாளர் திரும்பி நின்று இரண்டு கையையும் விரித்துக் கேட்பார். அம்பயர் பார்க்க வேண்டியவை பல. பந்து லெக் ஸ்டம்புக்கு வெளியே குத்தியதா? பேடில் பட்ட இடம் ஸ்டம்பின் நேர்கோட்டில் இருந்ததா? பேட்ஸ்மேன் எவ்வளவு தூரம் முன்காலை நீட்டியிருந்தார்? திரும்புகிற பந்து லெக் ஸ்டம்பையும் தாண்டிப் போய்விடுமா? மட்டை முதலில் தொட்டதா? இத்தனைக்கும் கிடைக்கிற நேரம் ஒரு கண்ணிமைப்பு. வெங்கட்ராகவன் இருபது ஆண்டுகளுக்கு மேல் இந்தக் கேள்வியைக் கேட்கிற பக்கத்தில் இருந்தார். முதல்தர ஆட்டங்களில் 1,390 விக்கெட்; அதில் ரஞ்சிக் கோப்பையில் மட்டும் 530. கேட்டு மறுக்கப்பட்டவை எத்தனை இருக்கும் என்பதை நினைத்துப் பாருங்கள்.

அவருக்கு மறுக்கப்பட்டவை விக்கெட்டுகள் மட்டுமல்ல. பேடி, சந்திரசேகர், பிரசன்னா, வெங்கட் என்று சுழற்பந்து வீசிய நால்வரையும் சேர்த்தே நம் அப்பாக்கள் பேசினார்கள். நால்வரும் சேர்ந்து எடுத்தது 853 டெஸ்ட் விக்கெட். ஆனால் நால்வரும் ஒன்றாக ஆடியது ஒரே ஒரு டெஸ்ட், 1967-ல் எட்ஜ்பாஸ்டனில். பிரசன்னாவும் ஆஃப் ஸ்பின்னர் என்பதால் இருவரில் ஒருவருக்குத்தான் பெரும்பாலும் இடம். பல ஆட்டங்களில் வெங்கட் வெளியே உட்கார்ந்தார். இடம் கிடைத்தபோது சும்மா இருக்கவில்லை. 1971-ல் வடேகரின் துணைக் கேப்டனாகப் போய், போர்ட் ஆஃப் ஸ்பெயினில் இரண்டாம் இன்னிங்ஸில் 5 விக்கெட் எடுத்தார். மேற்கிந்தியத் தீவுகளை இந்தியா முதன்முதலாக வென்ற ஆட்டம் அது. அந்தத் தொடரில் 22 விக்கெட். அதே ஆண்டு ஆகஸ்டில் ஓவல் மைதானத்தில் இங்கிலாந்தை அவர்கள் மண்ணிலேயே முதன்முதலாக வென்றோம். சந்திரசேகரின் 6 விக்கெட் எல்லோருக்கும் நினைவிருக்கும். ஆலன் நாட்டின் மட்டையில் பட்டு வந்த பந்தை ஏக்நாத் சோல்கர் பாய்ந்து விழுந்து பிடித்த அந்தப் புகைப்படமும் நினைவிருக்கும். அந்தப் பந்தை வீசியவர் வெங்கட்.

1974 டிசம்பரில் கேப்டன் பட்டோடிக்கு அடிபட்டதால் டெல்லி டெஸ்டுக்கு வெங்கட் கேப்டன். விவியன் ரிச்சர்ட்ஸ் ஆட்டமிழக்காமல் 192 அடித்த ஆட்டம், தோற்றோம். பட்டோடி திரும்பினார். அடுத்த கல்கத்தா டெஸ்டில் வெங்கட்டுக்குப் பதினோரு பேரில் கூட இடமில்லை. முந்தின ஆட்டத்தில் டாஸ் போட்டவர், அடுத்த ஆட்டத்தில் பெவிலியனில். 1975, 1979 இரண்டு உலகக் கோப்பைகளுக்கும் அவரே கேப்டன். 1979-ல் அப்போது டெஸ்ட் அந்தஸ்து கூட இல்லாத இலங்கையிடம் தோற்ற வலியும் அவர் தலையில்தான். அதே பயணத்தின் முடிவில் ஓவலில் 438 இலக்கைத் துரத்தி, கவாஸ்கரின் 221-ஆல் 429 வரை வந்து டிரா செய்தார்கள். ஊர் திரும்புகிற விமானத்திலேயே, இனி கவாஸ்கர்தான் கேப்டன் என்று விமானி அறிவித்ததாகச் சொல்வார்கள். அதே விமானத்தில் வெங்கட்டும் உட்கார்ந்திருந்தார்.

நடுவே 1973 முதல் 1975 வரை இங்கிலாந்தின் டெர்பிஷயர் கவுண்டிக்குச் சம்பளத்துக்கு ஆடினார். செஸ்டரும் டாரன்டும் நடந்த அந்தத் தொழில்முறைப் பாதையில் நம் ஊர் இன்ஜினியர் ஒருவரும் நடந்தார். அப்போது கனவான், கூலிக்காரர் பிரிவு போய்ப் பத்தாண்டு ஆகியிருந்தது.

கடைசி டெஸ்ட் 1983 செப்டம்பரில் ஜலந்தரில். 57 டெஸ்ட், 156 விக்கெட். இந்த இடத்தில் பலர் தொலைக்காட்சியில் பேசப் போயிருப்பார்கள். கேப்டனாக இருந்தவருக்குப் பேச விஷயமா இல்லை? வெங்கட் நிர்வாகம், தேர்வுக்குழு என்று சில காலம் இருந்துவிட்டு, நாற்பத்தேழு வயதில் அம்பயராக வந்து நின்றார். 1993 ஜனவரி 29, கல்கத்தா ஈடன் கார்டன்ஸ், இந்தியாவும் இங்கிலாந்தும். இந்தியாவுக்குக் கேப்டனாக இருந்த ஒருவர், தன்னைவிட இருபது வயது இளையவர்கள் 'ஹௌஸ் தட்' என்று முகத்துக்கு நேராகக் கத்துவதைக் கேட்டுக்கொண்டு, அவர்கள் கழற்றிக் கொடுக்கும் ஸ்வெட்டரை இடுப்பில் கட்டிக்கொண்டு ஆறு மணி நேரம் நிற்க முன்வந்தார். இதற்கு எத்தகைய மனம் வேண்டும் என்று நான் அடிக்கடி வியப்பதுண்டு. பதவியில் இருந்தவர்கள் அதற்குக் கீழே என்று உலகம் நினைக்கும் வேலையை விரும்பி ஏற்பது நம் பொதுவாழ்வில் எத்தனை அபூர்வம்!

அப்புறம் நடந்ததுதான் அவருடைய பெரிய இன்னிங்ஸ். 2004 வரை 73 டெஸ்ட்களில் நடுவர், ஆடியதைவிட அதிகம். 1996, 1999, 2003 என மூன்று உலகக் கோப்பைகள். 2002-ல் உலகின் தலைசிறந்த எட்டு நடுவர்களைக் கொண்டு முதல் எலைட் குழுவை அமைத்தபோது இந்தியாவிலிருந்து அவர் ஒருவர் மட்டுமே. அந்த எட்டுப் பேரில் இலங்கையின் அசோக டி சில்வாவும் இருந்தார்; அவரும் பந்தைச் சுழற்றியவர், நாட்டுக்காகப் பத்து டெஸ்ட் ஆடியவர். 2003-ல் வெங்கட்டுக்குப் பத்மஸ்ரீ.

அவர் நின்ற காலத்தையும் கவனியுங்கள். 1992 நவம்பரில் டர்பனில் சச்சின் டெண்டுல்கரை ரன் அவுட் என்று தொலைக்காட்சி பார்த்து முடிவு செய்ததிலிருந்துதான் மூன்றாவது அம்பயர் என்ற ஏற்பாடு வந்தது. ஆனால் அது ரன் அவுட், ஸ்டம்பிங் போன்றவற்றுக்குத்தான். எல்.பி.க்கு முறையீடு செய்யும் வசதி 2008-ல் தான் சோதனைக்கு வந்தது. வெங்கட் அதற்கு நான்கு ஆண்டு முன்பே விடைபெற்றுவிட்டார். ஆகவே 73 டெஸ்டிலும் அவர் சொன்ன எல்.பி. ஒவ்வொன்றும் தன் இரண்டு கண்ணை நம்பிச் சொன்னது. பந்து எங்கே திரும்பும் என்பதை விரலிலேயே அறிந்திருந்த மனிதர் என்பதால், அவர் கையைத் தூக்கினால் பேட்ஸ்மேன்கள் பேசாமல் நடந்தார்கள்.

தவறே செய்யாத நடுவர் எவரும் இல்லை. இலங்கையின் குமார் தர்மசேன 1996 உலகக் கோப்பை இறுதியில் ஆட்டக்காரர். 2015 இறுதியில் நடுவர். இரண்டையும் செய்த முதல் மனிதர் அவர். 2019 லார்ட்ஸ் இறுதிப் போட்டியிலும் நின்றார். பென் ஸ்டோக்ஸின் மட்டையில் பட்டு எல்லைக்குப் போன பந்துக்கு ஐந்து ரன் கொடுக்க வேண்டிய இடத்தில் ஆறு கொடுத்தார். பிறகு திரும்பப் பார்த்தபோது அது பிழைதான் என்று வெளிப்படையாகச் சொன்னார். ஒரு உலகக் கோப்பையே அந்த ஒரு ரன்னில் தொங்கியது. அவருக்கு உறக்கம் வந்திருக்குமா? ஆனால் மறைக்கவில்லை. அதனாலேயே அவர் மேல் எனக்கு மதிப்பு கூடியது.

நம் மாநிலத்தில் இந்த வழி அறுந்துபோகவில்லை. சென்னையின் எஸ். ரவி 2015-ல் எலைட் குழுவுக்குப் போனார். 2023 ஜனவரியில் ரஞ்சிக் கோப்பையில் முதன்முறையாகப் பெண் நடுவர்கள் மூவர் நின்றார்கள். அவர்களில் ஒருவர் சென்னையின் என். ஜனனி. மென்பொருள் வேலையில் இருந்தவர். நடுவர் தேர்வு எழுத அனுமதி கேட்டு மாநிலச் சங்கத்தின் கதவை மீண்டும் மீண்டும் தட்டி, அனுமதி வாங்கி, தேறி, அந்த வேலையை விட்டுவிட்டு வந்தவர். நம் பக்கத்துப் பெண் பிள்ளைகள் ஏரிக்கரையில் ஆட்டம் பார்க்கக் கரையோடு நிற்கிறார்கள். இந்த ஒரு பெயரை அவர்கள் காதில் போட்டு வையுங்கள். கல்வராயன் மலைக்கு அந்தப் பக்கம் சேலம் மாவட்டத்தின் சின்னப்பம்பட்டியிலிருந்து டென்னிஸ் பந்தில் யார்க்கர் பழகிய நடராஜன் 2020-ல் இந்தியாவுக்கு ஆடினார். மலைக்கு இந்தப் பக்கத்திலிருந்து ஒரு நடுவர் ஏன் போகக் கூடாது? சட்டப் புத்தகத்தைப் படிக்க வேண்டும், தேர்வு எழுத வேண்டும், பார்வை நன்றாக இருக்க வேண்டும், வெயிலில் நிற்க வேண்டும். இவற்றில் எது நம் பிள்ளைகளால் ஆகாதது? மைதானம் வேண்டும், விலை உயர்ந்த மட்டை வேண்டும், பயிற்சியாளர் வேண்டும் என்ற தடைகள் ஆட்டக்காரனுக்கு இருக்கிற அளவுக்கு இதில் இல்லை.

போன ஆண்டு நம் வட்டாரத்தில் ஒரு இறுதிப் போட்டி பாதியில் நின்றது. கடைசி ஓவரில் ஒரு ரன் அவுட். நின்றவர் ஆடுகிற அணியின் ஆள். அவர் சொன்னது சரியாகவே கூட இருந்திருக்கலாம்; யாரும் நம்பத் தயாராக இல்லை. கோப்பையைப் பரிசு கொடுக்க வந்தவரே திரும்ப எடுத்துக்கொண்டு போனார். இரண்டு ஊருக்கும் இன்றுவரை சரியான பேச்சு இல்லை; நடுவில் ஒரு கல்யாணப் பேச்சும் நின்றுபோனதாகக் கேள்வி.

ஆகவே போட்டி நடத்துகிற தம்பிகளிடம் ஒரு வேண்டுகோள். லாகூரில் செய்ததை இங்கேயும் செய்யுங்கள். ஆடுகிற இரண்டு ஊரையும் சேராத மூன்றாம் ஊர்க்காரர் ஒருவரை அம்பயராக அழையுங்கள். அரையிறுதியிலிருந்தாவது தொடங்குங்கள். பஸ் செலவும், மதியச் சாப்பாடும், ஒரு கௌரவமான தொகையும் கொடுங்கள்; மைக் செட்டுக்குக் கொடுப்பதில் ஒரு பங்கு போதும். அவர் பெயரை நோட்டீஸில் போடுங்கள். பரிசளிப்பின்போது மேடையில் நாற்காலி போட்டு உட்கார வையுங்கள். ஒரு போட்டியிலாவது எல்.பி.யை வைத்து ஆடிப் பாருங்கள். நம் இதழின் சார்பில் ஒரு சிறு உதவி செய்கிறோம்: மூன்றாம் ஊர் அம்பயர் பெயர் அச்சிட்ட போட்டி அறிவிப்புகளை இந்தக் கோடை முழுவதும் நம் பக்கங்களில் கட்டணமின்றி வெளியிடுவோம்.

வாசகர்களிடமும் ஒன்று கேட்கிறேன். உங்கள் ஊரிலும் ஒருவர் இருந்திருப்பார். மில்லில் வேலை பார்த்துக்கொண்டோ, பள்ளிக்கூடத்தில் விசில் ஊதிக்கொண்டோ, ஞாயிறு தோறும் தொப்பி போட்டுக்கொண்டு நின்றிருப்பார். அவரைப் பற்றி எழுதுங்கள். எந்த ஆண்டுகளில் நின்றார், பந்தை எதை வைத்து எண்ணினார், எந்தத் தீர்ப்புக்காக ஊர் அவரை இன்னும் பேசுகிறது என்பதெல்லாம் வேண்டும். இருக்கிறவராக இருந்தால் அவரிடமே கேட்டு, அவர் சம்மதத்தோடு எழுதுங்கள். பழைய படம் இருந்தால் பின்பக்கம் பென்சிலால் ஊரையும் ஆண்டையும் குறித்து அனுப்புங்கள். நகல் எடுத்துக்கொண்டு பத்திரமாகத் திருப்பித் தருகிறோம். வெள்ளிமலைப் பக்கத்து வாசகர்கள் தபாலுக்குக் காத்திருக்க வேண்டாம். சந்தைக்கு இறங்கி வரும்போது அலுவலகத்தில் நேரில் கொடுக்கலாம். சித்திரை இதழிலிருந்து வெளியிடத் தொடங்குகிறோம். முதல் கட்டுரை, புளியங்கொட்டை வாத்தியாரைப் பற்றியது. அதை எழுதும் பொறுப்பை நானே எடுத்துக்கொண்டிருக்கிறேன்; செஸ்டரைத் தெரியுமா என்று இந்த முறை கேட்டுவிடுவேன்.

அன்புடன்,
ஆசிரியர்